கார்டில் நான்கு முத்திரை: டூர் ஆபரேட்டரைச் சங்கம் வழியாக விசாரிப்பது எப்படி

2019 தசரா விடுமுறைக்கு எங்கள் அபார்ட்மென்டிலிருந்து பத்தொன்பது பேர் குடகு போவதாக ஏற்பாடு. டூர் ஆபரேட்டர் நேரிலேயே வந்தார். வெள்ளைச் சட்டை, தோல் பை, பேச்சில் நல்ல மரியாதை. விசிட்டிங் கார்டின் பின்பக்கத்தில் நான்கு சங்கங்களின் முத்திரைகள். அதில் ஒன்று பெங்களூரில் பலருக்கும் தெரிந்த சங்கத்தினுடையது. நான் முப்பத்தொரு வருஷம் வங்கியில் கடன் பிரிவில் இருந்தவன். அடுத்தவர் கொண்டுவரும் காகிதத்தைச் சந்தேகப்படுவதற்கே சம்பளம் வாங்கியவன். அன்றைக்கு அந்தக் கார்டைத் திருப்பிப் பார்த்துவிட்டு நாற்பதாயிரம் ரூபாய் அட்வான்ஸ் கொடுத்தேன்.

கிளம்ப நான்கு நாள் இருக்கும்போது அவர் போன் அணைந்தது. அப்போதுதான் அந்தச் சங்கத்துக்கு போன் செய்தேன். எடுத்த பெண் கம்ப்யூட்டரில் பார்த்துவிட்டுச் சொன்னார்: “அவர் சந்தா கட்டி ரெண்டு வருஷம் ஆச்சு சார். இப்ப மெம்பர் இல்லை.” இதைச் சொல்ல அவருக்கு ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. அந்தக் கார்டு இன்னும் எங்கள் வீட்டு ஃப்ரிட்ஜ் மேல் காந்தத்தில் ஒட்டியிருக்கிறது. என் மனைவி எடுக்க விடுவதில்லை.

அதற்குப் பிறகு ஜீவன் பீமா நகரில் எங்கள் கட்டடத்திலிருந்து யார் எங்கே கிளம்பினாலும், “அங்கிள், இவரைக் கொஞ்சம் விசாரிங்களேன்” என்று ஒரு எண்ணை அனுப்பிவிடுகிறார்கள். சபரிமலைக்கு டெம்போ டிராவலர், ஆபீஸ் பையன்களுக்கு டிரெக்கிங், வேளாங்கண்ணிக்கு பஸ், எல்லாம் என் மேஜைக்குத்தான் வருகிறது. ஐந்தாறு வருஷமாகச் செய்து செய்து ஒரு முறை கைக்கு வந்திருக்கிறது. அதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

எந்தச் சங்கம்?

கார்டில் முத்திரை இருந்தால் முதலில் அது எந்த வகைச் சங்கம் என்று பார்க்க வேண்டும். எல்லாச் சங்கமும் ஒன்றில்லை.

வணிகர் சபைகள் ஒரு வகை. கெம்பேகவுடா சாலையில் இருக்கும் எஃப்.கே.சி.சி.ஐ. அப்படிப்பட்டது. 1916இல் விஸ்வேஸ்வரய்யா மைசூர் வணிகர் சபையாக ஆரம்பித்தது. அதன்மேல் எனக்குப் பெரிய மரியாதை உண்டு. ஆனால் அது எல்லாத் தொழிலுக்குமான சபை. பீன்யாவில் போல்ட் நட் செய்பவரும் அங்கே உறுப்பினராகலாம், அரிசி மண்டிக்காரரும் ஆகலாம். அப்படி ஒரு சபையில் உறுப்பினர் என்றால், ஆளுக்கு ஒரு விலாசம் இருக்கிறது, தொழில் ஒன்று பதிவாகியிருக்கிறது, சந்தா கட்டும் அளவுக்கு வரும்படி இருக்கிறது என்று வைத்துக்கொள்ளலாம். மலையில் உங்கள் பிள்ளை கால் பிசகி விழுந்தால் அவருடைய கைடுக்குக் கட்டுப் போடத் தெரியுமா என்பதற்கு அங்கே பதில் கிடைக்காது.

இரண்டாவது, பயணத் தொழிலுக்கென்றே உள்ள அகில இந்தியச் சங்கங்கள். டிராவல் ஏஜென்டுகளுக்கான டி.ஏ.ஏ.ஐ. 1951இல் தொடங்கியது. டூர் ஆபரேட்டர்களுக்கான ஐயாட்டோ 1982. உள்நாட்டுச் சுற்றுலா நடத்துபவர்களுக்கு ஏ.டி.டி.ஓ.ஐ. என்று தனியாக இருக்கிறது. மலையேற்றம், ராஃப்டிங், பாராகிளைடிங் மாதிரி சாகசத் தொழிலுக்கு ஏ.டி.ஓ.ஏ.ஐ. இதில் சிலவற்றுக்குக் கர்நாடகக் கிளையும் உண்டு, அதனால் டெல்லிக்கோ மும்பைக்கோ போன் போட வேண்டிய அவசியமில்லை. கிளையில் பேசினால் ஆளைத் தெரிந்தவரே பேசுவார். விமான டிக்கெட் மட்டும்தான் வேண்டுமென்றால் இவ்வளவு விசாரிக்க வேண்டாம். ஏஜென்டின் ஐயாட்டா (உலக விமான நிறுவனங்களின் சங்கம்; மேலே சொன்ன ஐயாட்டோ வேறு) எண் செல்லுபடியாகிறதா என்று அந்தச் சங்கத்தின் தளத்திலேயே பார்த்துவிடலாம்.

மூன்றாவதுதான் எனக்குப் பிடித்த வகை: உள்ளூர்ச் சங்கம். ஹோம்ஸ்டே உரிமையாளர் சங்கம், டாக்ஸி உரிமையாளர் சங்கம், ஜீப் ஓட்டுநர் சங்கம், படகுக்காரர் சங்கம். இவர்களுக்கு வழவழப்பான கார்டு இருக்காது. சில சமயம் போர்டுகூட இருக்காது, ஒரு டீக்கடை பெஞ்சுதான் அலுவலகம். ஆனால் அந்த ஊரில் யார் என்ன செய்கிறார்கள் என்பது அத்தனையும் இவர்களுக்குத் தெரியும். இவர்களைப் பற்றி அப்புறம் விரிவாகச் சொல்கிறேன்.

மத்திய சுற்றுலா அமைச்சகம் தரும் அங்கீகாரம் இவற்றில் எதிலும் சேராது. அது அரசு தருவது, விருப்பப்பட்டவர்கள் விண்ணப்பித்துப் பெறுவது. யாருக்கு இருக்கிறது என்று அமைச்சகத்தின் ‘நிதி’ தளத்தில் தேடலாம். இருந்தால் நல்லது. இல்லை என்பதற்காக ஒருவரை மோசடிக்காரர் என்று முடிவுகட்ட வேண்டாம். ஒரே வண்டி வைத்து நேர்மையாகத் தொழில் செய்கிற எத்தனையோ பேர் அந்தப் பக்கமே போனதில்லை.

போனில் என்ன கேட்பது

சங்கத்தின் எண்ணை அந்த ஆளிடம் வாங்காதீர்கள். கார்டில் இருப்பதையும் எடுக்காதீர்கள். சங்கத்தின் சொந்தத் தளத்திலிருந்து எடுங்கள். வங்கியில் வேலைச் சான்றிதழ் சரிபார்க்கும்போது இதுதான் எங்களுக்கு முதல் பாடம். கடன் கேட்டவர் கொடுத்த எண்ணுக்குப் போட்டால் அவருடைய மச்சான்தான் எடுப்பான்.

காலை பதினொன்றுக்கு மேல், மதியச் சாப்பாட்டுக்கு முன்னால் போடுங்கள். என் கன்னடத்தில் தமிழ் வாடை பலமாக அடிக்கும். இருந்தாலும் “நமஸ்கார சார், ஒந்து விஷய கேளபேகித்து” என்றுதான் ஆரம்பிப்பேன். அந்த ஒரு வரிக்கு எதிர்முனையில் குரல் இளகுவதைக் கேட்டிருக்கிறேன். பிறகு பெரும்பாலும் அவர்களே தமிழிலோ ஆங்கிலத்திலோ பேச ஆரம்பித்துவிடுவார்கள்.

“இவர் உங்கள் உறுப்பினரா?” என்று மட்டும் கேட்டால் ஆமாம், இல்லை என்று முடிந்துவிடும். இந்த வருஷச் சந்தா கட்டியிருக்கிறாரா என்று கேளுங்கள். எந்த வருஷத்திலிருந்து உறுப்பினர், எந்தப் பெயரில் என்றும் கேளுங்கள். போர்டில் ஒரு பெயர், ரசீதில் ஒரு பெயர், சங்கப் பதிவேட்டில் மூன்றாவது பெயர் என்று இருப்பது ரொம்பச் சகஜம். எந்தப் பிரிவில் உறுப்பினர் என்பது இன்னும் முக்கியம். பல சங்கங்களில் டூர் நடத்துபவருக்கு ஒரு பிரிவு, அந்தத் தொழிலைச் சார்ந்து பிழைக்கும் ஹோட்டல், வண்டி, பொருள் விற்பவர்களுக்கு வேறொரு பிரிவு. ஒருமுறை ஒரு டிரெக்கிங் ஆளை விசாரித்ததில், அவர் சங்கத்தில் இருந்தது கூடாரம் விற்பவராக. விற்கட்டும். அதற்காக அவர் பின்னால் இருட்டில் மலையேற முடியுமா?

உறுப்பினராவதற்கு ஏற்கெனவே உள்ளவர்கள் முன்மொழிய வேண்டும் என்ற விதி சில சங்கங்களில் உண்டு. அப்படி இருந்தால், இவரை முன்மொழிந்தது யார் என்று கேட்டுப் பாருங்கள். எப்போதும் சொல்ல மாட்டார்கள். சொன்னால் உங்களுக்கு இரண்டு எண்கள் கிடைத்தன. ஜாமீன் போட்டவரிடம் பேசினால் கடன்காரரைப் பற்றி எவ்வளவோ தெரியும் என்பது என் பழைய தொழிலில் கண்டது.

அடுத்து புகார். “இவர்மேல் புகார் ஏதாவது இருக்கிறதா?” என்று கேட்டால் எந்தச் செயலாளரும் நேராகப் பதில் சொல்ல மாட்டார். சந்தா கட்டுகிறவரை அவர் எப்படி விட்டுக்கொடுப்பார்? அதனால் கேள்வியை மாற்றிக் கேட்பேன்: “நாளைக்கு ஏதாவது பிரச்சினை என்றால் நான் உங்களிடம் எழுதிக் கொடுக்கலாமா? யார் பெயருக்கு எழுதணும்?” நல்ல சங்கம் என்றால் ஒரு பெயரும் மின்னஞ்சலும் உடனே வரும். “அதெல்லாம் நீங்க பார்ட்டிகிட்டயே பேசிக்கோங்க” என்று வந்தால், அந்த முத்திரையின் மதிப்பு அச்சுக்கூலி மட்டும்தான்.

கடைசியாக ஒன்று கேட்பேன். நான் கண்டுபிடித்த கேள்விகளில் இதற்குத்தான் எனக்குப் பெருமை அதிகம். “சார், உங்க வீட்டுக் கல்யாணத்துக்கு வெளியூரிலிருந்து முப்பது பேரைக் கூட்டிட்டு வரணும்னா யாரைக் கூப்பிடுவீங்க?” செயலாளர் கொஞ்சம் சிரிப்பார். இரண்டு மூன்று பெயர் சொல்வார். யாரையும் குறை சொல்லவில்லை என்பதால் அவருக்குத் தயக்கம் இருக்காது. நான் விசாரிக்கும் ஆளின் பெயர் அதில் வராவிட்டால், “ஓ, இவர் எப்படி?” என்று போகிற போக்கில் கேட்பேன். “அவரும் செய்வார்” என்று இழுத்தால் அந்த இழுவையைக் குறித்துக்கொள்வேன். மலையேற்றத்துக்கென்றால் கல்யாணத்தை மாற்றி, “உங்க பையனை அனுப்பணும்னா?” என்று கேட்பேன்.

போகிற ஊரில் விசாரியுங்கள்

பெங்களூரில் டூர் விற்பவர் பெரும்பாலும் விற்பவர் மட்டும்தான். வண்டி ஒருவருடையது, ஹோம்ஸ்டே இன்னொருவருடையது, கைடு அந்த ஊர்ப் பையன், ராஃப்ட் வேறு யாருடையதோ. நம் உயிர் இருப்பது அந்த மற்றவர்கள் கையில். அதனால் ஆபரேட்டரிடம் எழுத்தில் கேட்டு வாங்க வேண்டியது நான்கு பெயர்கள்: வண்டி யாருடையது, தங்குமிடம் யாருடையது, கைடு யார், சாகச விளையாட்டு இருந்தால் அதை நடத்துவது யார். “அதெல்லாம் நாங்க பார்த்துக்கறோம் சார்” என்பவரிடம் நான் பேச்சை அங்கேயே முடித்துக்கொள்கிறேன்.

2024 நவம்பரில் எங்கள் கட்டடத்து ஆட்கள் பதினாறு பேர் தடியண்டமோள் ஏறப் போனார்கள். குடகிலேயே உயரமான சிகரம், 1,748 மீட்டர். கக்கபே பக்கம் நாலக்நாடு அரண்மனை வழியாக ஏறுவது. ஆபரேட்டர் “கக்கபேயில் எங்க சொந்த ஹோம்ஸ்டே” என்று படம் அனுப்பினார். காபித் தோட்டம், சிவப்பு ஓடு, திண்ணையில் ஊஞ்சல். பார்த்ததும் பெண்களுக்கெல்லாம் பிடித்துப்போய்விட்டது. நான் அந்தப் பக்கத்து ஹோம்ஸ்டே உரிமையாளர் சங்கத்தில் ஒருவரைப் பிடித்து, வீட்டின் பெயரைச் சொல்லிக் கேட்டேன். “அந்த வீடா? போன வருஷமே கை மாறிடுச்சே. புதுசா வாங்கினவங்க சுற்றுலாத் துறையில் இன்னும் பதிவு பண்ணலை” என்றார். ஆபரேட்டரிடம் இதைச் சொன்னேன். அவர் கோபப்படவில்லை, மழுப்பவும் இல்லை. “எனக்கே தெரியாது சார், நான் இடையில் ஒரு ஏஜென்ட் வழியாத்தான் எடுக்கறேன்” என்று ஒப்புக்கொண்டார். ‘சொந்த’ ஹோம்ஸ்டேயின் கதை அவ்வளவுதான்.

அவரையே விட்டுவிடவில்லை. ஒப்புக்கொண்டது எனக்குப் பிடித்திருந்தது. அதே சங்கத்துக்காரர் சொன்ன வேறு வீட்டை அவரை எடுக்கச் சொன்னேன். ஊஞ்சல் இல்லை. ஆனால் வீட்டுக்கார அம்மா ராத்திரி எட்டு மணிக்குச் சுடச்சுட கடம்புட்டு, அதுதான் குடகு அரிசி உருண்டை, பன்றிக் கறியோடு வைத்தார்களாம், கறி சாப்பிடாதவர்களுக்குத் தனியாகக் காளான் குழம்பு. போய் வந்தவர்கள் இன்றைக்கும் சாப்பாட்டைப் பற்றித்தான் பேசுகிறார்கள், சிகரத்தைப் பற்றி யாரும் வாயைத் திறப்பதில்லை.

உள்ளூர்ச் சங்கத்தின் எண்ணை எப்படிக் கண்டுபிடிப்பது என்று கேட்பார்கள். எனக்கும் நேர்வழி ஒன்றும் கிடையாது. அந்த ஊரில் நாம் போகப்போவதில்லாத ஒரு நல்ல ஹோட்டலுக்குப் போன் செய்து, “இங்கே ஜீப் சங்கத்தில் யாரிடம் பேசலாம்?” என்று கேட்பேன். அவர்களுக்கு இதில் லாபமும் இல்லை, நஷ்டமும் இல்லை. எண்ணைச் சொல்லிவிடுவார்கள். மடிகேரி பக்கம் மாந்தல்பட்டிக்கெல்லாம் உள்ளூர் ஜீப்பில்தான் போவார்கள். ஜீப்பில் எத்தனை பேரை ஏற்றுவார்கள், வாடகை வண்டிக்கா ஆளுக்கா என்று ஓட்டுநர்களிடமே கேட்டு வைத்துக்கொண்டால், இங்கே பெங்களூர் ஏஜென்ட் அதற்கு எவ்வளவு ஏற்றி வைத்திருக்கிறார் என்பதும் கூடவே தெரிந்துவிடும்.

சங்கம் சொல்ல முடியாதவை

சங்கத்தில் நல்ல பெயர் இருந்தாலும் சில காகிதங்களை நாமே பார்க்க வேண்டும். இந்தப் பகுதி எழுதச் சுவையில்லாதது. ஆனால் விட முடியாது.

ஜி.எஸ்.டி. எண்ணில் எனக்கு ஒரு தனி சந்தோஷம் உண்டு. பதினைந்து எழுத்து. முதல் இரண்டு மாநிலம்: கர்நாடகம் 29, தமிழ்நாடு 33. அடுத்த பத்து, பான் எண். மொத்தத்தில் ஆறாவதாக வரும் எழுத்தைப் பாருங்கள். ‘பி’ என்றால் தனிநபர், ‘சி’ என்றால் கம்பெனி, ‘எஃப்’ என்றால் கூட்டு நிறுவனம். கார்டில் பிரைவேட் லிமிடெட் என்று போட்டுவிட்டு ஆறாவது எழுத்து ‘பி’யாக இருந்தால், கேட்க உங்களிடம் ஒரு கேள்வி இருக்கிறது. ஜி.எஸ்.டி. தளத்தில் எண்ணைப் போட்டால் பதிவான பெயர், தேதி, பதிவு நடப்பில் இருக்கிறதா ரத்தாகிவிட்டதா என்பதெல்லாம் வரும். ஜி.எஸ்.டி. வந்தது 2017 ஜூலை 1. அதற்கு முன்பே வரி கட்டிக்கொண்டிருந்தவர்களுக்குப் பெரும்பாலும் அந்தத் தேதியே காட்டும். “இருபத்தைந்து வருஷ அனுபவம்” என்பவரின் பதிவு 2023 என்று வந்தால் விளக்கம் கேளுங்கள். நியாயமான விளக்கமும் இருக்கலாம். சேவைத் தொழிலில் வருஷத்துக்கு இருபது லட்சத்துக்குள் வரவு இருந்தால் பொதுவாகப் பதிவே தேவையில்லை, அதனால் சின்ன ஆளுக்கு எண் இல்லாமலிருப்பது குற்றமில்லை.

வண்டிக்கு மஞ்சள் போர்டு வேண்டும், கறுப்பு எழுத்து. வெள்ளை போர்டு சொந்த உபயோகத்துக்கானது. அதை வாடகைக்கு ஓட்டி விபத்தானால் இன்ஷூரன்ஸ் கம்பெனி கையை விரிக்கலாம். முந்தின நாளே வண்டி எண்ணை வாங்கி எம்பரிவாகன் செயலியில் போட்டுப் பாருங்கள். தகுதிச் சான்று, காப்பீடு எந்தத் தேதி வரை என்று தெரியும். கிளம்புகிற காலையில் வேறு எண்ணோடு வண்டி வந்தால், ஏறுவதற்கு முன்னால் இன்னொரு தரம் போட்டுப் பாருங்கள். எல்லோரும் முணுமுணுப்பார்கள். முணுமுணுக்கட்டும்.

மலை என்றால் வனத்துறை அனுமதி. 2018 மார்ச்சில் தேனி பக்கம் குரங்கணியில் காட்டுத்தீயில் சிக்கி மலையேறப் போன இருபதுக்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். அதற்குப் பிறகுதான் தமிழ்நாடு மலையேற்றத்துக்கென்று விதிகளைக் கொண்டுவந்தது. கர்நாடகத்தில் 2024 குடியரசு தின விடுமுறையில் குமார பர்வதத்தில் ஆயிரக்கணக்கில் கூட்டம் குவிந்ததும், வனத்துறை ஆன்லைன் டிக்கெட் முறையைத் தீவிரமாகப் பிடித்துக்கொண்டது. இப்போது ‘ஆரண்ய விஹார’ தளத்தில் டிக்கெட், ஒரு பாதைக்கு ஒரு நாளைக்கு இத்தனை பேர்தான் என்று வரம்பு. டிக்கெட்டில் உங்கள் பெயர் இருக்கிறதா என்று பாருங்கள். “அங்கே போய் ஃபாரெஸ்ட்காரங்ககிட்ட பேசிக்கலாம்” என்பவரோடு போகாதீர்கள். ராத்திரி டிரெக்கிங், சூரியோதயம் என்று ஆசை காட்டுகிறவர்களிடம் இதை அழுத்திக் கேளுங்கள்.

கைடுக்குப் பயிற்சி எங்கே என்று கேட்பது அவமரியாதை ஆகாது. உத்தரகாசி, டார்ஜிலிங், மணாலி நிறுவனங்களில் அடிப்படை மலையேற்றப் படிப்பு முடித்தவர்கள் அதைச் சந்தோஷமாகவே சொல்வார்கள். நம் கர்நாடகத்தில் ஜெனரல் திம்மய்யா சாகச அகாடமி இருக்கிறது. நீர் விளையாட்டுக்குக் கோவாவில் தேசிய நிறுவனம். சர்டிபிகேட் இல்லாத உள்ளூர்ப் பையன் காட்டை நன்றாக அறிந்தவனாக இருக்கலாம், அவனையும் வைத்துக்கொள்ளட்டும். ஆனால் பதினாறு பேருக்கு முதலுதவி தெரிந்த ஒருவராவது கூட வர வேண்டும்.

ராஃப்டிங்கில் நான் பிடிவாதக்காரன். என் அண்ணன் மகள் ஆபீஸ் கும்பலோடு மழைக்காலத்தில் குடகில் இருக்கும் பாரபோளே ஆற்றுக்குக் கிளம்பினாள். “சித்தப்பா, லைஃப் ஜாக்கெட் தர்றாங்க, போதாதா?” என்றாள். ஜாக்கெட் தருவார்கள். ஹெல்மெட் உண்டா, கொக்கி எல்லாம் சரியாக இருக்கிறதா, ராஃப்டோடு மீட்புக்குத் தனியாக ஒரு கயாக் வருமா, தண்ணீர் ஏறிவிட்டால் ரத்து செய்து பணத்தைத் திருப்பித் தருவார்களா? 2018இல் சுற்றுலா அமைச்சகமும் ஏ.டி.ஓ.ஏ.ஐ. சங்கமும் சேர்ந்து சாகசச் சுற்றுலாவுக்கு வழிகாட்டு நெறிமுறைகள் வெளியிட்டிருக்கின்றன. யாரும் இலவசமாகப் படிக்கலாம். நான் அதில் ராஃப்டிங் பகுதியை மட்டும் பிரிண்ட் எடுத்து அவளிடம் கொடுத்தேன், கேள்வித்தாள் மாதிரி. நடத்துபவர் சங்க உறுப்பினர் என்றால், தன் சங்கமே எழுதியதை அவர் தெரியாது என்று சொல்ல முடியாதே. ரத்து செய்தால் பணம் திரும்பும் என்பதைத்தான் முதலில் கேட்கச் சொன்னேன். பணம் போய்விடும் என்றிருந்தால் வெள்ளத்திலும் ராஃப்டை இறக்கத்தான் ஆசை வரும், அவருக்கும் சரி, நமக்கும் சரி. 2019 ஜனவரியில் கார்வார் கடலில் கூர்மகட் தீவுக்குப் போய்த் திரும்பிய படகு கவிழ்ந்து பதினைந்துக்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். அதில் அளவுக்கு மீறி ஆட்களை ஏற்றியிருந்தார்கள். கோயிலுக்குப் போய்த் திரும்பிய குடும்பங்கள். அதற்குப் பிறகு எந்தப் படகிலும் தலைகளை எண்ணாமல் நான் உட்காருவதில்லை.

பணம்

அட்வான்ஸ் கால் பங்குக்கு மேல் கொடுப்பதில்லை. இது என் கணக்கு, சட்டமில்லை. பெரிய கூட்டத்துக்கு ஹோம்ஸ்டே முழுவதையும் பிடிப்பதாக இருந்தால் மூன்றில் ஒரு பங்கு வரை போவேன். பணம் போகிற கணக்கின் பெயரும் சங்கப் பதிவேட்டில் இருந்த பெயரும் ஒன்றாக இருக்க வேண்டும். யு.பி.ஐ. செய்யும்போது திரையில் வரும் பெயரை நின்று படியுங்கள். நிறுவனத்தின் பெயருக்குப் பதில் யாரோ ஒரு தம்பியின் பெயர் வந்தால், பணத்தை அனுப்பாமல் நடப்புக் கணக்கு விவரம் கேளுங்கள். “நடப்புக் கணக்கில் பிரச்சினை, ஆடிட்டர் பார்த்துட்டிருக்கார்” என்று ஒருவர் சொன்னார். ஆடிட்டர் பார்த்து முடிக்கட்டும், அப்புறம் வாருங்கள் என்றேன். அவர் வரவில்லை.

ரசீதில் தேதி, வண்டி வகை, தங்குமிடத்தின் பெயர், ரத்து செய்தால் எவ்வளவு திரும்பும், எல்லாம் இருக்க வேண்டும். வாட்ஸ்அப்பில் எழுதிக் கொடுத்தாலும் சரிதான். வாய்ப்பேச்சு மட்டும் வேண்டாம்.

தகராறு வந்தால்

சங்கம் நீதிமன்றமில்லை. உறுப்பினரைக் கூப்பிட்டுப் பேசும், எச்சரிக்கும், மிஞ்சினால் நீக்கும். ஆனால் தொழிலில் இருப்பவருக்கு அந்தக் கூப்பிட்டுப் பேசுவதே உறைக்கும். 2023இல் ஊட்டிக்குப் பேசிய ஏ.சி. டெம்போ டிராவலருக்குப் பதில் ஏ.சி. இல்லாத பழைய வண்டி ஒன்று வந்தது. வழியில் இரண்டு தரம் நின்றது. திரும்பி வந்ததும் ஒரு பக்கக் கடிதம்: பேசியது இது, வந்தது இது, ரசீது நகல், வண்டியின் படம், கேட்கும் தொகை ஒன்பதாயிரம். சங்கத்துக்கு அனுப்பி ஆபரேட்டருக்கும் நகல் போட்டேன். வசவு ஒரு வரிகூட இல்லை. பன்னிரண்டாம் நாள் ஒன்பதாயிரம் வந்துவிட்டது, கூடவே கோபமான ஒரு வாட்ஸ்அப் செய்தியும்.

சங்கம் கைவிட்டால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. அதற்கும் மேலே நுகர்வோர் ஆணையம். 2019 சட்டப்படி நீங்கள் வசிக்கும் ஊரிலேயே புகார் கொடுக்கலாம், ஐந்து லட்சம் வரை கட்டணம் கிடையாது, இரண்டு வருஷத்துக்குள் போட வேண்டும். பணத்தை வாங்கிக்கொண்டு ஆளே காணாமல் போய், ஆன்லைனில் ஏமாந்தது என்றால் உடனே 1930. என் நாற்பதாயிரத்துக்கு நான் இவை எதையும் செய்யவில்லை. “விடுங்க அங்கிள், தெரியாம நடந்தது” என்று எல்லோரும் சொன்னார்கள். நான் என் கையிலிருந்து அவரவர் பங்கைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, வெட்கத்தில் வாயை மூடிக்கொண்டேன். அதே ஆள் அடுத்த கோடையில் வேறு பெயரில் இன்னொரு கட்டடத்தில் அட்வான்ஸ் வாங்கியதாகப் பிறகு கேள்விப்பட்டேன். நான் எழுதிக் கொடுத்திருந்தால் அந்தச் சங்கத்துப் பெண்ணின் கம்ப்யூட்டரில் இன்னொரு வரி ஏறியிருக்கும்.

அதனால் இப்போது ஒரு பழக்கம் வைத்திருக்கிறேன். பயணம் முடிந்ததும், நன்றாக இருந்தாலும் சரி இல்லாவிட்டாலும் சரி, விசாரித்த சங்கத்துக்குத் திரும்பப் போன் செய்து சொல்லிவிடுவேன். தடியண்டமோள் போய் வந்த பிறகு அந்தக் குடகுக்காரருக்கும் சொன்னேன், கடம்புட்டு உட்பட. சென்ற மாதம் வேறொரு வீட்டைப் பற்றிக் கேட்க அவரைக் கூப்பிட்டேன். நான் பெயரைச் சொல்லி முடிப்பதற்குள், “ஜீவன் பீமா நகர் சார்தானே? ஹேளி சார், இந்தத் தரம் எத்தனை பேர்?” என்றார்.